மருந்தேற்றிய பிளைவுட்டில் பெயின்ட் நிற்குமா? ஒரு மதிப்பீடு

மழையும் வெயிலும் நேரடியாகப் படும் இடத்தில் பலகை அடிக்க வேண்டியிருப்பவர்களுக்கு, அழுத்த முறையில் மருந்தேற்றிய பிளைவுட் பெரும்பாலும் முதலில் பரிந்துரைக்கப்படும் பொருளாக இருக்கிறது. பூஞ்சையும் கரையானும் அண்டாது என்ற உறுதியோடு அது விற்கப்படுகிறது. அந்த உறுதியை அது காப்பாற்றவும் செய்கிறது. ஆனால் அதன்மேல் பெயின்ட் அடித்தவர்களில் பலர் இரண்டாவது மழைக்காலத்துக்குள் பெயின்ட் வெடித்து உரிவதைப் பார்த்து, பெயின்ட் நிறுவனத்தையோ அடித்தவரையோ குறை சொல்கிறார்கள். தோட்டத்துக் கருவிகளை வைக்கும் ஒரு கொட்டகையின் சுவர்களுக்கு இந்தப் பலகையைப் பயன்படுத்தி, அதன் வெவ்வேறு பக்கங்களில் எண்ணெய் சார்ந்த எனாமல், நீர் சார்ந்த அக்ரிலிக், அடர்நிற ஸ்டெய்ன் (மரத்தின்மேல் மெல்லியதாகப் படியும் நிறப்பூச்சு) ஆகிய மூன்றையும் பூசிப் பார்த்து, பல பருவங்கள் கடந்த பிறகு இந்த மதிப்பீட்டை எழுதுகிறேன். என் முடிவைச் சுருக்கமாக முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: உழைக்கும் பலகையாக இது மிக நல்லது, பெயின்டைத் தாங்கும் தளமாக இது நடுத்தரமானது, அந்த நடுத்தரம் நல்லதாவதும் மோசமாவதும் பெயின்ட் டப்பாவைத் திறப்பதற்கு முன்பே தீர்மானமாகிவிடுகிறது.

பலகைக்குள் என்ன நடந்திருக்கிறது என்பது தெரிந்தால் மற்றவை எளிதில் விளங்கும். பெரிய உருளைக் கலனுக்குள் பலகைகளை அடுக்கி, முதலில் காற்றை உறிஞ்சி வெற்றிடமாக்கி, பிறகு மருந்துக் கரைசலை உள்ளே விட்டு, வளிமண்டல அழுத்தத்தைப்போல ஏறத்தாழ 10 மடங்கு வரையிலான அழுத்தத்தில் மரத்தின் நுண்துளைகளுக்குள் செலுத்துகிறார்கள். 1838இல் ஜான் பெத்தெல் காப்புரிமை பெற்ற முறையின் அடிப்படை இன்றும் பெரிதாக மாறவில்லை, மாறியது மருந்துதான். அவர் காலத்தில் அது தாரிலிருந்து கிடைத்த கிரியோசோட் எண்ணெய். 1930களில் சொந்தி காமேசன் என்ற இந்திய அறிவியலாளர் உருவாக்கிய செம்பு, குரோமியம், ஆர்சனிக் கலவை பல பத்தாண்டுகள் உலகெங்கும் கோலோச்சியது. ஆர்சனிக் குறித்த அச்சத்தால், 2003ஆம் ஆண்டின் முடிவோடு அமெரிக்காவில் வீட்டுப் பயன்பாட்டுக்கான பெரும்பாலான மரங்களில் அந்தக் கலவையைக் கைவிட்டார்கள். அதன் இடத்துக்கு ஏ.சி.கியூ., காப்பர் அசோல் போன்ற செம்பு சார்ந்த மருந்துகள் வந்தன. புதிய பலகையில் தெரியும் இளம்பச்சை நிறம் இந்தச் செம்பின் அடையாளம்தான்.

இங்கே கவனிக்க வேண்டியது, இந்த மருந்துகளை மரத்துக்குள் கொண்டு சேர்ப்பது தண்ணீர் என்பதே. கலனிலிருந்து வெளிவரும் பலகை, மருந்தை மட்டுமல்லாமல் ஏராளமான நீரையும் சுமந்துகொண்டு வருகிறது. அதைக் காயவைக்காமல் அப்படியே விற்பனைக்கு அனுப்புவதும் உண்டு. சூளையில் உலர்த்தி அனுப்புவதும் உண்டு. பின்னது சற்றுக் கூடுதல் விலையாக இருக்கும். அதன் முத்திரையில் கே.டி.ஏ.டி. என்றோ, மருந்தேற்றியபின் உலர்த்தியது என்ற பொருள்படும் சொற்களோ காணப்படும். இவ்வகையில் பிளைவுட்டின் ஈரப்பதம் 18 சதவீதத்துக்கு மிகாமல் இருக்க வேண்டும் என்பது பரவலாக ஏற்கப்பட்ட அளவு. இரண்டு வகையையும் வாங்கிப் பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: பெயின்ட் அடிக்கும் நோக்கம் இருந்தால் உலர்த்திய வகையைத் தவிர வேறொன்றை வாங்காதீர்கள். ஈரப்பலகையை மலிவாக வாங்கி மிச்சப்படுத்தும் தொகை, அதைக் காயவைக்கும் இடத்துக்கும் காத்திருப்புக்கும் கோணலாகிப்போகும் பலகைகளுக்கும் போய்விடும்.

ஈரப்பலகைதான் கையில் இருக்கிறது என்றால், அதைக் காயவைப்பதில் பரவலாகச் சொல்லப்படும் ஓர் ஆலோசனையை நான் ஏற்கவில்லை. பலகையை அடித்து மாட்டிவிட்டு, ஆறு மாதம் வெயிலில் விட்டுப் பிறகு பெயின்ட் அடியுங்கள் என்பார்கள். ஈரம் வெளியேறிவிடும் என்பது உண்மைதான். ஆனால் அதே காலத்தில் சூரிய ஒளியின் புற ஊதாக் கதிர்கள் மரத்தின் மேற்பரப்பில் இழைகளைப் பிணைத்து வைத்திருக்கும் லிக்னின் என்ற பொருளைச் சிதைத்துவிடுகின்றன. சில வாரங்கள் வெயில் பட்ட மரத்திலேயே பெயின்டின் பிடிமானம் குறையத் தொடங்குகிறது. அதன்மேல் பூசப்படும் பெயின்ட், பிடிப்பற்ற இழைகளின் மேல் உட்கார்ந்து, பிறகு அந்த இழைகளோடு சேர்ந்தே உரிந்துவருகிறது. செம்பு மருந்து பூஞ்சையைத் தடுக்குமே தவிர, வெயிலின் சிதைவை முழுவதும் தடுத்துவிடாது. எனவே ஈரப்பலகையைக் கூரையின் கீழ், நிழலில், காற்றோட்டமுள்ள இடத்தில், ஒவ்வொரு பலகைக்கும் இடையில் ஒரே தடிமனுள்ள சட்டங்களை வைத்துப் படுக்கையாக அடுக்கி, மேலே பாரம் ஏற்றிக் காயவைப்பதே முறை. பலகையின் தடிமனையும் பருவத்தையும் பொறுத்து அதற்குச் சில வாரங்களும் ஆகலாம், சில மாதங்களும் ஆகலாம்.

காய்ந்துவிட்டதா என்று அறிய, ஊசி செருகிப் பார்க்கும் ஈரமானி ஒன்றை மட்டும் நம்பிவிட முடியாது. அது மரத்தின் மின்தடையை அளந்து ஈரத்தைக் கணிக்கிறது. மருந்தில் உள்ள உப்புகளும் மின்சாரத்தைக் கடத்துவதால், உண்மையில் இருப்பதைவிட அதிக ஈரத்தைக் காட்டும் வாய்ப்பு உண்டு. அடுக்கிலிருந்து ஒரே பலகையை எடுத்து அவ்வப்போது எடைபோட்டு, எடை குறைவது நின்றதும் காய்ந்ததாகக் கொள்வது எனக்கு இதைவிட நம்பகமாகப் பட்டது. பெயின்டுக்கு 15 சதவீதத்துக்குக் குறைவான ஈரப்பதம் விரும்பத்தக்கது. சில துளி தண்ணீரைத் தெளித்துப் பார்ப்பதும் பயனுள்ளதே: சில நிமிடங்களில் பலகை அதை உறிஞ்சிக்கொண்டால், பெயின்டுக்கு அடியில் முதலில் பூசும் பிரைமரையும் உறிஞ்சும், துளிகள் முத்துமுத்தாக நின்றால் பலகை இன்னும் ஈரமாக இருக்கலாம், அல்லது மருந்தோடு நீர்விலக்கும் மெழுகும் கலக்கப்பட்டிருக்கலாம். மெழுகு கலந்த வகையா என்பதை வாங்கும்போதே கேட்டுக்கொள்வது நல்லது, ஏனெனில் அதில் பெயின்ட் பிடிப்பதற்கு மேலும் காலம் பிடிக்கும்.

ஈரப்பதம் சரியான அளவுக்கு வந்த பிறகும் பிளைவுட்டுக்கே உரிய ஒரு குறை எஞ்சியிருக்கும். அதை எந்த மருந்தும் தீர்க்காது. மரத்தடியைச் சுழலவிட்டு, கூரிய நீண்ட கத்தியால் தாள்போல் சீவி எடுத்த ஏடுகளை ஒன்றின்மேல் ஒன்று குறுக்கும் நெடுக்குமாக ஒட்டித்தான் பிளைவுட் செய்கிறார்கள். சீவும்போதே ஏட்டின் ஒரு பக்கத்தில் கண்ணுக்குத் தெரியாத நுண்விரிசல்கள் விழுந்துவிடுகின்றன. குறுக்கு ஏடுகள் ஒன்றையொன்று இறுக்கிப் பிடித்திருப்பதால் பலகை மொத்தமாகப் பெரிதாக விரிவதோ சுருங்குவதோ இல்லை. ஆனால் மேலேடு நனைந்து உப்பும்போதும் காய்ந்து சுருங்கும்போதும், அந்த அசைவுக்குப் போக வேறு வழியில்லாமல், நுண்விரிசல்கள் இழைகளின் திசையிலேயே மேற்பரப்புவரை பிளந்துகொள்கின்றன. பெயின்டில் முதலில் தோன்றும் தலைமுடி போன்ற கீறல்கள் இவையே. கீறல் வழியாகத் தண்ணீர் உள்ளே போகிறது. உள்ளே போன தண்ணீர் பெயின்டைப் பின்னாலிருந்து தூக்குகிறது. பெயின்ட் கெட்டுப்போனதாக நாம் நினைப்பது பெரும்பாலும் பலகை பிளந்ததன் விளைவுதான். மருந்தேற்றுவதற்கு அதிகம் பயன்படும் பைன் வகைகளில் இன்னொரு தொல்லையும் சேர்ந்துகொள்கிறது: வெளிர்ந்த மென்பட்டைகளும் கருத்த கடினப்பட்டைகளும் மாறிமாறி வரும் அந்த மரத்தில், கடினப்பட்டைகளின் மேல்தான் பெயின்ட் முதலில் பிடியை விடுகிறது.

இந்தப் பின்னணியில் மூன்று பூச்சுகளையும் பார்த்தால் அவற்றின் வேறுபாடு தெளிவாகிறது. எண்ணெய் சார்ந்த எனாமல் முதல் நாளில் மற்ற இரண்டையும் விட அழகாக இருந்தது. பளபளப்பும் வழவழப்பும் அதற்கு இணையில்லை. ஆனால் ஆண்டுகள் செல்லச் செல்ல அது இறுகிக்கொண்டே போகும் இயல்புடையது. பலகையின் அசைவுக்கு ஈடுகொடுக்க முடியாமல், கடும் வெயில் படும் பக்கத்தில் முதலில் கீறி, பிறகு கீறலின் விளிம்புகள் சுருண்டு, கடைசியில் சில்லுசில்லாக விழத் தொடங்கியது. நிழல் விழும் பக்கத்தில் அதே எனாமல் இன்னும் ஒழுங்காகவே நிற்கிறது என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். முழுவதும் அக்ரிலிக் பிசின் கொண்ட நீர் சார்ந்த வெளிப்புறப் பெயின்ட், பளபளப்பில் பின்தங்கினாலும், நெகிழ்ச்சியாலும் உள்ளிருக்கும் நீராவியைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடும் தன்மையாலும் தாக்குப்பிடித்தது. உற்றுப் பார்த்தால் சில இடங்களில் மெல்லிய கீறல் தெரிகிறது, ஆனால் உரியவில்லை. அடர்நிற ஸ்டெய்ன் இவ்விரண்டுக்கும் வேறான பொருள். அது மெல்லிய படலமாகவே படிகிறது, மரத்தின் சொரசொரப்பை மறைப்பதில்லை, கீறல்களையும் மறைப்பதில்லை. ஆனால் நிறம் மங்குவதைத் தவிர அதற்கு வேறு பெரிய கேடு வருவதில்லை, மறுபடி பூசுவதும் மிக எளிது. கொட்டகை, வேலி, சேமிப்புப் பெட்டி போன்றவற்றுக்கு இப்போது என்னிடம் கேட்டால் அக்ரிலிக்குக்கும் ஸ்டெய்னுக்கும் இடையில் மட்டுமே தேர்ந்தெடுக்கச் சொல்வேன்.

பலகையின் முகத்தைப் பற்றியும் ஒரு சொல். வழவழப்பாக இழைத்த முகத்தைவிட, ரம்பம் அறுத்த சொரசொரப்போடு விடப்பட்ட முகத்தில் பெயின்டும் ஸ்டெய்னும் அதிகக் காலம் நிற்கின்றன. சொரசொரப்பு அதிகப் பூச்சை வாங்கிக்கொள்வதால் படலம் தடிமனாகிறது, பிடிக்கப் பரப்பும் கூடுகிறது. வழவழப்பான முகம்தான் கிடைத்தது என்றால், 80 முதல் 100 வரையிலான எண்ணுள்ள உப்புத்தாளால் இழையின் போக்கிலேயே லேசாகத் தேய்த்தால் போதும். மேலேடு சில மில்லிமீட்டர் தடிமன்கூட இல்லாதது. எந்திரத்தை வைத்து ஆவேசமாகத் தேய்த்தால் அடுத்த ஏடு வெளியே வந்துவிடும். தேய்க்கும்போது பறக்கும் தூளில் செம்பு மருந்து இருப்பதால் முகக்கவசமும் கண்ணாடியும் அவசியம். பழைய கட்டடத்திலிருந்து பிரித்தெடுத்த பச்சைப் பலகையாக இருந்தால் அதில் ஆர்சனிக் இருக்கக்கூடும் என்று எடுத்துக்கொண்டு, தேய்ப்பதையே தவிர்ப்பது உத்தமம். துண்டுதுணுக்குகளை அடுப்பிலோ குப்பையிலோ போட்டு எரிக்கக் கூடாது என்பது எல்லா மருந்தேற்றிய மரங்களுக்கும் பொருந்தும். மேற்பரப்பில் வெள்ளையாக உப்புப் பூத்திருந்தால் தேய்க்காமல், ஈரத்துணியாலும் மென்மையான பிரஷாலும் கழுவித் துடைத்து, மறுபடி காயவிட வேண்டும்.

பூசும் வேலையில் நான் அதிக முக்கியத்துவம் தருவது பலகையின் விளிம்புகளுக்குத்தான். பிளைவுட்டின் விளிம்பில் எல்லா ஏடுகளின் வெட்டுமுகங்களும் திறந்து கிடக்கின்றன. முகம் குடிக்கும் தண்ணீரைவிட விளிம்பு குடிக்கும் தண்ணீர் பலமடங்கு. வெட்டிய இடங்களில் முதலில் செம்பு நாஃப்தனேட் போன்ற, பிரஷால் பூசும் காப்பு மருந்தைத் தடவி, அது நன்றாகக் காய்ந்ததும், விளிம்பை மட்டும் தனியாக இரண்டு முறை பிரைமர் குடிக்கவைப்பது பலனளிக்கிறது. இதைச் சுவரில் அடிப்பதற்கு முன்பே செய்துவிட வேண்டும், ஏனெனில் அடித்த பிறகு கீழ் விளிம்புக்கு எந்தப் பிரஷும் போகாது. கூரிய மூலைகளில் பெயின்ட் மெலிந்து போகும். அவற்றை உப்புத்தாளால் சற்றே மழுக்கிக்கொண்டால் படலம் ஒரே சீராகப் படியும். பலகைக்கும் பலகைக்கும் இடையில் 3 மி.மீ. இடைவெளி விடுவதும், கீழ் விளிம்பைத் தரையிலிருந்து ஒரு சாணாவது உயர்த்தி நிறுத்துவதும், மேல் விளிம்பைத் தகடோ சட்டமோ போட்டு மூடுவதும் பெயின்ட் வேலையாகத் தோன்றாது. என் கொட்டகையில் இவற்றை முறையாகச் செய்த பக்கங்களுக்கும், பலகையை முன்பே அடித்து மாட்டியிருந்ததால் செய்ய முடியாமற்போன பக்கத்துக்கும் இடையிலுள்ள வேறுபாடு, இரண்டு பெயின்டுகளுக்கு இடையிலுள்ள வேறுபாட்டைவிடப் பெரிதாக இருக்கிறது.

ஆணிகளிலும் கவனம் வேண்டும். செம்பு மருந்து சாதாரண இரும்பை அரிப்பதால், சூடான துத்தநாகத்தில் முக்கியெடுத்த ஆணிகளோ துருப்பிடிக்காத எஃகுத் திருகுகளோதான் இதற்குப் பொருந்தும். இல்லையேல் எத்தனை கோட் அடித்தாலும் ஒவ்வொரு ஆணித்தலையிலிருந்தும் பழுப்புக் கோடு வழியும்.

பிரைமராக வெளிப்புற மரத்துக்கான, கறை தடுக்கும் தன்மையுள்ள அக்ரிலிக் வகையைப் பயன்படுத்தினேன். வெளிர்நிறங்களை அடிப்பவர்கள் கறை தடுக்கும் வகையைக் கட்டாயம் கேட்டு வாங்க வேண்டும். பலகையின் பச்சையும், கணுக்களிலிருந்து கசியும் பிசினின் மஞ்சளும் வெள்ளைப் பெயின்டின் அடியிலிருந்து எட்டிப் பார்க்கும். பிரைமர் ஒரு கோட், பெயின்ட் இரண்டு கோட் என்பதே முறை. காய்ந்த படலம் மொத்தத்தில் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கையாவது எட்ட வேண்டும், அதற்கு ஒரு கோட் பெயின்ட் எவ்வகையிலும் போதாது. ரோலரால் பூசிவிட்டு உடனே பிரஷால் இழுத்துவிட்டால் இழைகளின் பள்ளங்களுக்குள் பெயின்ட் இறங்குகிறது. நீர் சார்ந்த வகைகளுக்கு 10 டிகிரி செல்சியஸுக்குக் குறையாத வெப்பநிலை வேண்டும். நேர் வெயிலில் சுடும் பலகையிலும், பனி இறங்கும் மாலையிலும் அடிப்பது இரண்டும் கேடு. பிரைமர் அடித்துவிட்டு மாதக்கணக்கில் போட்டுவைப்பதும் தவறு; இரண்டு வாரங்களுக்குள் மேற்பூச்சு விழுந்துவிட வேண்டும். சுவருக்குப் பூசுவதுபோல் பலகை முழுவதும் பட்டி இழுத்துச் சமப்படுத்தும் ஆசையை அடக்கிக்கொள்ள வேண்டும். பலகை அசையும்போது அசையாத அந்தப் பட்டி முதலில் விரிந்து, பெயின்டையும் இழுத்துக்கொண்டு விழும். கணுக்குழிகளை மட்டும் வெளிப்புற மரத்துக்கான நிரப்பியால் அடைத்தால் போதும்.

நிறத்தேர்வு கண்ணுக்கு மட்டுமான விஷயம் அன்று. கரும்பச்சை, கறுப்பு போன்ற அடர்நிறங்கள் வெயிலில் அதிகம் சூடாகிப் பலகையை அதிகம் உலர்த்தி, கீறல்களை விரைவுபடுத்துகின்றன. மேற்கு வெயில் படும் சுவருக்கு வெளிர்நிறமே பாதுகாப்பு.

மருந்தேற்றிய பிளைவுட் என்ற ஒரே பெயரில் வேறு வகைகளும் விற்பனையில் இருப்பதால், வாங்குபவர் முத்திரையைப் படிப்பது நல்லது. போரேட் மருந்து ஏற்றியவை பச்சையாக இல்லாமல், சாதாரண மர நிறத்திலேயே இருக்கும். பெயின்டும் அவற்றில் நன்றாகப் பிடிக்கும். ஆனால் போரேட் தண்ணீரில் கரைந்து வெளியேறிவிடக்கூடியது என்பதால், தொடர்ந்து நனையும் இடத்துக்கும் மண்ணைத் தொடும் இடத்துக்கும் அது பொருந்தாது. தீப்பிடிப்பதைத் தடுக்க மருந்தேற்றிய பிளைவுட் முற்றிலும் வேறு நோக்கத்துக்கானது. அதில் உட்புறப் பயன்பாட்டுக்கான வகையை வெளியே வைத்துப் பெயின்ட் அடிப்பது வீண்வேலை.

பெயர்ப்பலகை, வெளிக்கதவு, முன்பக்கச் சுவரின் அலங்காரப் பட்டைகள் என்று, மேற்பரப்பு கண்ணாடிபோல் வழவழப்பாக இருக்க வேண்டிய இடங்களுக்கு இந்தப் பலகையை நான் பரிந்துரைக்க மாட்டேன். பிசினில் ஊறிய தாளை ஒரு முகத்திலோ இரு முகங்களிலுமோ அழுத்தி ஒட்டிய எம்.டி.ஓ. பிளைவுட் அதற்கென்றே செய்யப்பட்டது. மேலேட்டின் நுண்விரிசல்களை அந்தத் தாள் கட்டிப்போட்டுவிடுவதால், பெயின்ட் நிற்கும் காலம் கணிசமாகக் கூடுகிறது. அதன் விலையைப் பார்த்துத் தயங்குபவர்கள், மூன்று ஆண்டுக்கு ஒருமுறை சுரண்டி மறுபடி அடிக்கும் கூலியையும் சேர்த்துக் கணக்கிட்டுப் பார்க்கலாம்.

ஏற்கெனவே பெயின்ட் அடித்து, கீறல் விட்டுப்போன பலகை வைத்திருப்பவர்களுக்கும் வழி உண்டு. அடித்திருப்பது அக்ரிலிக் என்றால், நுரைக்கும் சோப்பு நீரால் கழுவி, தளர்ந்த இடங்களைச் சுரண்டி, விளிம்புகளை உப்புத்தாளால் சமன்செய்து, மரம் தெரியும் இடங்களுக்கு மட்டும் பிரைமர் வைத்து, மேலே ஒரு கோட் ஓட்டினால் பலகை மீண்டும் பல பருவங்களுக்குத் தாங்கும். அடித்திருப்பது எனாமல், அது பலகை முழுவதும் சில்லுவிட்டிருக்கிறது என்றால், அதன்மேல் அக்ரிலிக் அடிப்பதால் பயனில்லை. புதிய பெயின்ட் காயும்போது பழைய படலத்தை இழுத்து, தளர்ந்ததை மேலும் தளர்த்தும். அங்கே பழையதை முழுவதும் அகற்றியாக வேண்டும். முதலில் ஒரு சிறிய பகுதியில் கத்தியால் குறுக்குக் கோடுகள் கீறி, ஒட்டும் டேப்பை அழுத்தி ஒட்டிச் சட்டென்று உரித்துப் பாருங்கள்; டேப்போடு பெயின்ட் வரவில்லை என்றால் அந்தப் பக்கத்தைச் சுரண்டாமல் விட்டுவிடலாம்.